ஒரு வீல் பேரிங் புராணமும் அப்பாவோட காதும்

ரொம்ப நாளாச்சு மக்களே, இந்தப் பக்கம் எட்டிப் பாத்து. ஆணி அதிகம். புரொபசர் ஒரு பக்கம், பேப்பர் டெட்லைன் ஒரு பக்கம்னு போட்டுத் தாக்கினதுல கடையைத் திறக்கவே முடியல. இன்னிக்கு ஒட்டடை அடிச்சுட்டு உக்காந்துட்டேன். ஏன்னா மேட்டர் அப்படி. போன சனிக்கிழமை நம்ம வண்டிக்கு பின் சக்கர பேரிங் மாத்தினேன். நானே. என் கையாலயே. (யாருப்பா அங்க சிரிக்கிறது?)

வண்டியைப் பத்தி முதல்ல சொல்லிடறேன். 2002 ஹோண்டா சிவிக். சீனியர் கிட்ட இருந்து சீனியருக்குக் கைமாறி, கடைசியா என் தலையில வந்து விழுந்த குடும்பச் சொத்து. 1,68,000 மைல் ஓடியிருக்கு, அதாவது 2.7 லட்சம் கிலோமீட்டர். நான் இருக்கிறது இண்டியானாவுல. இங்க பனிக்காலத்துல ரோட்டுல உப்பைக் கொட்டுவாங்க. பனி உருகும், கூடவே வண்டிக்கு அடியில இருக்கிற இரும்பும் உருகும். இந்த வண்டி அப்படி இருபது குளிரைப் பாத்தது. குனிஞ்சு பாத்தா செங்கல் சூளை கலர்ல இருக்கும்.

ஜூன்ல ஆரம்பிச்சது அந்தச் சத்தம். நாப்பது மைல் வேகத்தைத் தாண்டினா பின்னாடி இருந்து 'ஊஊஊம்'னு ஒரு முனகல். வேகம் கூடக் கூட சுருதியும் கூடும். டயர் தேஞ்சிருக்கும்னு நெனச்சுட்டு, நம்ம முறைப்படி முதல் வைத்தியம் பாத்தேன். அதாங்க, பாட்டுச் சத்தத்தைக் கூட்டி வெச்சேன். ஒரு மாசம் ஓடுச்சு. ஜூலை கடைசியில ராஜா பாட்டையே அமுக்கிட்டு அந்த 'ஊஊஊம்' மேல வந்துடுச்சு.

இங்க ஒரு உண்மையை ஒத்துக்கணும். நான் படிக்கிறது மெக்கானிக்கல் இன்ஜினியரிங். அதுலயும் ரெண்டு உருண்டையான பரப்பு ஒண்ணை ஒண்ணு அழுத்தினா என்ன ஆகும்ங்கிறதுதான் நம்ம ஆராய்ச்சி. 1880கள்ல ஹெர்ட்ஸ்ங்கிற ஜெர்மன்காரர் போட்ட கணக்கு இன்னிக்கும் எனக்குச் சோறு போடுது. பால் பேரிங் மேல விழற பளு ரெண்டு மடங்கானா ஆயுசு எட்டுல ஒரு பங்கா குறையும்னு தூக்கத்துல எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவேன். ஆனா என் சொந்த வண்டியில பேரிங் சாகக் கிடக்குதுன்னு ஒரு மாசமா தெரியல. என்னத்தச் சொல்ல!

பக்கத்துல ஒரு கடையில கேட்டேன். பேரிங்தான், 430 டாலர் ஆகும்னாங்க. நம்ம ஸ்டைபண்டுல வாடகை போக மிச்சம் என்னன்னு உங்கள்ல பாதிப் பேருக்குத் தெரியும். சரி, அடுத்த மாசம் பாத்துக்கலாம்னு விட்டிருப்பேன். ஆனா விட முடியாத மாதிரி ஒரு விஷயம் இருந்துச்சு.

ஆகஸ்ட் வந்தா புதுப் பசங்க வருவாங்க. ஏர்போர்ட்டுக்குப் போய் கூட்டிட்டு வர்றது இங்க வழிவழியா வர்ற வழக்கம். நான் வந்தப்ப முன்னப்பின்ன தெரியாத ஒரு அண்ணன் வந்து நின்னாரு. இந்த வருஷம் மூணு பேர் என் கணக்கு. சிகாகோ ஓஹேர் ஏர்போர்ட். 130 மைலுக்கு மேல, பெரும்பாலும் ஐ-65 ஹைவே. ரெண்டு பக்கமும் லாரி, எழுபது மைல் வேகம், பின் சீட்டுல அப்பா அம்மாவை விட்டுட்டு முதல் தடவையா வெளிய வந்த பசங்க. பேரிங் முழுசா போச்சுன்னா சக்கரம் ஆட ஆரம்பிக்கும், முத்திப்போனா கழண்டு போறதும் உண்டு. ராத்திரி படுத்தா இதே நெனப்பு.

அப்பாவுக்குப் போன் போட்டேன்.

அப்பாவைப் பத்தி இங்க அதிகம் எழுதினதில்ல. சங்ககிரியில லாரி பட்டறை வெச்சிருக்காரு. சங்ககிரி பக்கம் தெரிஞ்சவங்களுக்குச் சொல்ல வேண்டியதில்ல, ஊரே லாரியிலதான் ஓடுது. நாப்பது வருஷமா அப்பா கையில கிரீஸ். ஆனா என் கையில ஒரு சொட்டு பட விட்டதில்ல. எனக்குப் பத்து வயசு இருக்கும்போது பட்டறையில கீழ கிடந்த ஸ்பானரை எடுத்து ஒரு நட்டைத் திருகிப் பாத்தேன். பளார்னு ஒண்ணு விட்டாரு. அப்பா என்னை அடிச்சது வாழ்க்கையில அந்த ஒரே தடவைதான். அதுக்கப்புறம் பட்டறைப் பக்கம் போனாலே "ஊட்டுக்குப் போய் படி போ"ன்னு வெரட்டிடுவாரு.

காலேஜ்ல முதல் வருஷம் வொர்க்ஷாப் கிளாஸ். ரிங் ஸ்பானர் எடுடான்னா எதுன்னு தெரியாம முழிச்சேன். "நீயெல்லாம் மெக்கானிக் பையனாடா?"ன்னு பசங்க ஓட்டின ஓட்டு இருக்கே... நாலு வருஷம். அந்தக் கோவம் அப்பா மேல எனக்கு ரொம்ப நாளா இருந்துச்சு. அவருகிட்டச் சொன்னதில்ல. நாங்க போன்ல பேசினா "சாப்டியா?", "சாப்டேங்ப்பா", "சரி, அம்மாகிட்டக் குடுக்கறேன்". முடிஞ்சது.

இந்தத் தடவை அப்பாகிட்டயே பேசணும்னு சொன்னேன். ரூம்மேட்டை ஓட்டச் சொல்லி, நான் பின் சீட்டுல படுத்துக்கிட்டு சத்தத்தை ரெக்கார்ட் பண்ணி வாட்ஸப்புல அனுப்பினேன். ரெண்டு நிமிஷத்துல பதில் வந்துச்சு.

"பேரிங்குதான் கண்ணு. வண்டிய வலது பக்கம் ஒடிச்சா சத்தம் கூடுதா, இடது பக்கம் ஒடிச்சா கூடுதா பாரு."

வலது பக்கம் திருப்பினா கூடுச்சு. அப்ப இடது சக்கரம். ஏன்னா வலது பக்கம் திரும்பும்போது வண்டியோட பாரம் இடது பக்கம் சாயும், அடிபட்ட பேரிங் அழும். நான் காகிதத்துல படம் போட்டு யோசிச்சுட்டு இருக்கறதுக்குள்ள அடுத்த மெசேஜ்.

"ஜாக்கி போட்டுத் தூக்கி, ஸ்பிரிங்கு மேல ஒரு கைய வெச்சுட்டு இன்னொரு கையில சக்கரத்தச் சுத்து. ரெண்டு பக்கமும் பாரு. காது ஏமாத்தும், கை ஏமாத்தாது."

சுத்தினேன். வலது பக்கம் ஸ்பிரிங் சும்மா இருந்துச்சு. இடது பக்கம் மணல் அரைக்கிற மாதிரி விரல்ல நறநறன்னுச்சு. எட்டாயிரம் மைலுக்கு அந்தாண்ட உக்காந்துட்டு ஒரு போன் ரெக்கார்டிங்கை வெச்சு மனுசன் சொன்னது அப்படியே சரி!

"கடையில குடுத்துரு. நீ கைய வெக்காத"ன்னாரு. எவ்வளவு கேக்கறாங்கன்னு சொன்னேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்ல. ரூபாயில பெருக்கிப் பாத்திருப்பாருன்னு நெனைக்கிறேன். அப்புறம் மெதுவா, "கூட யாராச்சும் இருப்பாங்களா?"ன்னு கேட்டாரு.

இருந்தாரு. நாகர்கோவில் அண்ணன் ஒருத்தர், இங்கயே வேலை, சொந்த வீடு, கராஜ் உண்டு. (எங்க அபார்ட்மெண்ட் பார்க்கிங்ல வண்டி ரிப்பேர் பாத்தா நோட்டீஸ் ஒட்டிடுவாங்க.) "வாடே தம்பி, நானும் இதெல்லாம் பாத்ததில்ல, ரெண்டு பேருமா சேந்து உருப்படாம ஆக்குவோம்"னு பெருந்தன்மையா சொன்னாரு.

பேரிங் வாங்கறதுக்கும் அப்பா கண்டிஷன் போட்டாரு. பேர் தெரியாத மால் வாங்காதே, எஸ்.கே.எஃப் கிடைக்குமா பாருன்னாரு. அப்பாவுக்கு அது சாமி மாதிரி. அந்தக் கம்பெனி பிறந்த கதையும் நம்ம ஊருக்குப் பொருத்தமானதுதான். ஸ்வீடன்ல கோத்தன்பர்க்ல ஒரு துணி மில்லு, களிமண் தரை. தரை அசைய அசைய ஷாப்ட் கோணிக்கிட்டு பேரிங் போயிட்டே இருந்துச்சாம். அங்க இன்ஜினியரா இருந்த ஸ்வென் விங்க்விஸ்ட், ஷாப்ட் கோணினாலும் தானே வளைஞ்சு குடுக்கிற பேரிங்கைக் கண்டுபிடிச்சு 1907ல கம்பெனி ஆரம்பிச்சாரு. மில்லுல பொழுதன்னிக்கும் பேரிங் மாத்திக் கடுப்பானவர் போல.

சனிக்கிழமை காலையில ஒம்போது மணி. சங்ககிரியில சாயங்காலம் ஆறரை. பெயிண்ட் டப்பா மேல போனைச் சாய்ச்சு வெச்சு வீடியோ கால் போட்டாச்சு. அப்பா பட்டறைப் பெஞ்சுல டீ கிளாஸோட உக்காந்திருந்தாரு. மனுசன் கிரிக்கெட் மேட்ச் பாக்கற மாதிரி ரெடியா இருந்தாரு.

முதல் ஓவர்லயே விக்கெட். நடு நட்டுக்கு நான் கொண்டு வந்த சாக்கெட் சேரல. நெட்டுல பாத்து வேற மாடலோட அளவை வாங்கிட்டு வந்திருக்கேன். திரும்பக் கடைக்கு ஓடினேன். நல்ல வேளை, இங்க பார்ட்ஸ் கடையில பெரிய சாக்கெட், டார்க் ரெஞ்ச் எல்லாம் டெபாசிட் கட்டினா சும்மாவே தருவாங்க, திருப்பிக் குடுத்தா முழுக் காசும் வந்துடும்.

அப்பா முதல்ல சொன்னது, "வண்டி தரையில நிக்கறப்பவே நட்டை லூசு பண்ணிக்க. தூக்குனதுக்கு அப்பறம் பலம் போட்டீன்னா வண்டி ஸ்டாண்ட உட்டு எறங்கிரும்." முன் சக்கரத்துக்கு ரெண்டு பக்கமும் கட்டை வெச்சோம். நட்டோட ஓரத்தை ஆக்சில் காடியில தட்டி மடிச்சு விட்டிருப்பாங்க, தானா கழலாம இருக்க. அதைச் சின்ன உளியால நிமித்திட்டு, நீளமான ராடு போட்டு இழுத்தேன். அசையல. அண்ணன் இழுத்தாரு. அசையல. ஜாக்கி பைப்பை ராடுல சொருகி ரெண்டு பேரும் தொங்கினோம். 'டக்'குனு ஒரு சத்தம். ராடு ஒடிஞ்சதுன்னு நெனச்சேன். "நட்டு வந்துருச்சு"ன்னு போன்ல இருந்து குரல் வந்துச்சு.

அப்புறம் வண்டியைத் தூக்கி ஸ்டாண்டுல உக்கார வெச்சு, சக்கரத்தைக் கழட்டி, ஹேண்ட் பிரேக்கை விட்டோம். பிரேக் டிரம் துருவுல ஒட்டியிருந்துச்சு. டிரம்முல ரெண்டு மரை ஓட்டை குடுத்திருக்கான் ஹோண்டாக்காரன். அதுல எட்டு எம்.எம். போல்ட்டு ரெண்டைப் போட்டு மாத்தி மாத்தித் திருகினா டிரம் தானா வெளிய தள்ளிக்கிட்டு வருது. "அட, இது நல்லா இருக்கே! நாங்க சுத்தியில தட்டித் தட்டியே சாவறோம்"னு அப்பா சிரிச்சாரு.

ஹப்பைப் பிடிச்சு இழுத்தேன். வந்துச்சு. ஆனா பாதிதான் வந்துச்சு. பேரிங் உள்ளயே பிரிஞ்சு, உள் வளையம் ஒண்ணு ஆக்சில் தண்டுல அப்படியே ஒட்டிக்கிச்சு. இருபது வருஷ உப்பு. எண்ணெய் அடிச்சோம், தட்டினோம், புல்லர் போட்டுப் பாத்தோம், பிடிக்க இடமே இல்ல. ஒரு மணி நேரம் போச்சு. அண்ணி கொண்டு வந்த டீ ஆறிப்போச்சு. எனக்கு கை நடுங்க ஆரம்பிச்சுடுச்சு. மறுநாள் மதியம் பசங்க இறங்கறாங்க, வண்டி மூணு கால்ல நிக்குது.

"கிரைண்டர் இருக்குதா?"ன்னாரு அப்பா. அண்ணன்கிட்ட கைக்கு அடக்கமா ஒண்ணு இருந்துச்சு. "கண்ணாடி போட்டுக்க. முழுசா அறுக்காத, உள்ள தண்டுல பட்டுதுன்னா வண்டிக்குக் கையே மாத்தோணும். முக்கால்வாசி தேய்ச்சு நிறுத்திக்க. அந்தக் காடியில உளிய வெச்சு ஒரே அடி. அந்த இரும்பு வளையாது, வெடிச்சுரும்."

அவரு சொன்னதும் மண்டையில மணி அடிச்சுது. கரெக்டு! பேரிங் ஸ்டீலு, கார்பன் அதிகம், கடினம் அதிகம், அதனால வளையறதுக்கு முன்னாடி விரிசல் விடும். பரிட்சையில பக்கம் பக்கமா எழுதியிருக்கேன். அப்பா எழுதினதில்ல, அடிச்சுப் பாத்திருக்காரு.

தேய்ச்சேன். பொறி பறக்குது. தண்டுல பட்டுடுமோன்னு அடி வயிறு கலங்குது. நிறுத்தி நிறுத்தி டார்ச் அடிச்சுப் பாத்தேன். உளியை வெச்சு முதல் அடி. உளி வழுக்கி, சுத்தி என் இடது கட்டை விரல்ல இறங்குச்சு. சத்தம் போடாம பல்லைக் கடிச்சுட்டு, கையை கேமராவுக்கு அந்தப் பக்கம் மறைச்சுக்கிட்டேன். ரெண்டாவது அடி. 'டிங்'. வளையம் ரெண்டாப் பிளந்து கையோட வந்துடுச்சு. தண்டுல ஒரு கீறல் இல்ல. அண்ணன் அடிச்ச விசில்ல பக்கத்து வீட்டு நாய் குலைச்சுது.

தண்டைத் தேய்ச்சுத் துடைச்சு, லேசா எண்ணெய் தடவி புது ஹப்பைச் சொருகினேன். அப்பத்தான் அப்பா கேட்டாரு. "கிரீஸ் எங்க அடைப்ப?"

"இதுக்கு வேண்டாங்ப்பா. உள்ளயே அடைச்சு சீல் பண்ணி வருது."

"சரி. நட்டை எவ்வளவு இறுக்குவ?"

"181 நியூட்டன் மீட்டருங்ப்பா. ஒரு மீட்டர் ராடு நுனியில பதினெட்டு கிலோ தொங்கற மாதிரி."

அப்பா முகம் மாறிடுச்சு. "அவ்வளவு இறுக்குனா பேரிங்கு புடிச்சுக்குமே கண்ணு!"

லாரியில அப்பா மாட்டறது டேப்பர் ரோலர் பேரிங். சக்கரத்தைச் சுத்திக்கிட்டே நட்டை இறுக்கி, அப்புறம் ஒரு துளி திருப்பி விட்டு, ஆட்டிப் பாத்து, பின்னு போடணும். அந்த ஒரு துளிதான் அவரோட நாப்பது வருஷ வித்தை. இதுல அந்தக் கணக்கு வேற. புது ஹப் வந்த அட்டைப் பெட்டியைக் கிழிச்சு, மார்க்கர்ல படம் போட்டேன். "இங்க பாருங்ப்பா. உள் வளையம் ரெண்டு, முதுகோட முதுகு ஒட்டற மாதிரி. ரெண்டுக்கும் நடுவுல எவ்வளவு சந்து இருக்கணும்னு தயார் பண்றப்பவே கடைஞ்சு வெச்சிருப்பாங்க. நட்டை இறுக்கினா ரெண்டும் முட்டி நின்னுக்கும். அதுக்கு மேல குண்டை அமுக்காது. லூசா விட்டாத்தான் ஆபத்து."

அட்டையைக் கேமராகிட்ட கொண்டு போகச் சொன்னாரு. கண்ணாடியை எடுத்து மாட்டினாரு. ரொம்ப நேரம் பாத்தாரு. பின்னாடி பட்டறையில வேலை பாக்கற அண்ணனைக் கூப்பிட்டு, "இங்க வா, பையன் படம் போட்டிருக்கான் பாரு"ன்னாரு.

மக்களே, எனக்கு முப்பது வயசு ஆகப் போகுது. ரெண்டு பேப்பர் போட்டிருக்கேன். அந்த அட்டைப் படத்துக்குக் கிடைச்ச மரியாதை வேற எதுக்கும் கிடைக்கல.

டார்க் ரெஞ்ச் 'க்ளிக்'குன்னுச்சு. புது நட்டோட ஓரத்தைக் காடியில தட்டி மடிச்சேன். டிரம், சக்கரம், எல்லாம் மாட்டி இறக்கியாச்சு. மணி மூணு. அங்க ராத்திரி பன்னெண்டரை. அப்பா பெஞ்சை விட்டு எந்திரிக்கவே இல்ல.

பழைய பேரிங்கைக் கேமராவுல காட்டினேன். உள்ள ஓடுற தடத்துல அம்மைத் தழும்பு மாதிரி குழி குழியா இருந்துச்சு. "சீலு போய் தண்ணி ஏறியிருக்குது"ன்னாரு. அந்த 2.7 லட்சம் கிலோமீட்டருக்கு இந்தச் சக்கரம் சுமாரா பதினாலு கோடி தடவை சுத்தியிருக்கும்னு கணக்குப் போட்டுச் சொன்னேன். "பதினாலு கோடியா!"ன்னு வாயைப் பொளந்தாரு. "பாவம், ஒழைச்சிருக்குது."

போனை வைக்கப் போறப்ப, "அந்தக் கட்டை விரலைக் காட்டு"ன்னாரு.

பாத்துட்டாரு. காட்டினேன். நகம் கறுத்து வீங்கியிருந்துச்சு. அவரு தன்னோட இடது கையைத் தூக்கி கேமரா முன்னாடி வெச்சாரு. மோதிர விரல்ல மேல் கணு கிடையாது. நான் பொறக்கறதுக்கு முன்னாடியே லாரி டிரம்முக்கு அடியில போனது. தினமும் பாத்து வளந்த கைதான். அதனாலயே நான் பாக்காம விட்ட கை.

"அன்னிக்கு நீ ஸ்பானர் எடுத்தியே, பக்கத்துல வண்டி ஜாக்கியில நின்னுது. உனக்குத் தெரியாது"ன்னாரு. அதுக்கு மேல ஒண்ணும் சொல்லல. "ஐஸ் வெய்யி. அந்தப் பழைய பேரிங்க ஊருக்கு வாரப்ப எடுத்தா"ன்னு வெச்சுட்டாரு.

ஞாயித்துக்கிழமை ஓஹேர் போனேன். முதல்ல பத்து மைல் ஊருக்குள்ளயே ஓட்டி, நிறுத்தி, சக்கரத்தைத் தொட்டுப் பாத்து, நட்டெல்லாம் மறுபடி டார்க் வெச்சுப் பாத்துட்டுத்தான் ஹைவே ஏறினேன். மூணு பசங்களையும் ஏழு பெட்டியையும் அமுக்கி அடைச்சு திரும்பி வர்றோம். முன் சீட்டுப் பையன், "அண்ணா, பாட்டு போடட்டுமா?"ன்னான்.

"கொஞ்ச நேரம் கழிச்சுப் போடலாம்டா"ன்னேன்.

எழுபது மைல் வேகம். பின்னாடி இருந்து ஒரு சத்தமும் இல்ல. அதைத்தான் கேட்டுக்கிட்டு இருந்தேன்.

டிஸ்கி: மொத்தச் செலவு 100 டாலருக்குள்ள. இதைப் பாத்துட்டு நீங்களும் கிளம்பறதா இருந்தா: டார்க் கணக்கும் நட்டு அளவும் வண்டிக்கு வண்டி மாறும், உங்க வண்டி மேனுவலைப் பாருங்க. ஜாக்கியை மட்டும் நம்பி வேலை பாக்காதீங்க, ஸ்டாண்ட் கட்டாயம். பழைய நட்டைத் திரும்பப் போடாதீங்க. கண்ணுக்குக் கண்ணாடி. அப்புறம், கூட ஒரு ஆள். போன்ல இன்னொரு ஆள் இருந்தா இன்னும் நல்லது.

வர்ட்டா?